எட்டு வெற்றுக் கேடயங்கள்

லான்ட்ஸ்குரூனா துறையிலிருந்து வென் தீவுக்குப் படகில் அரை மணி நேரம். தெற்கு சுவீடனின் ஸ்கோனே பகுதிக்குக் குடிவந்து ஒன்பது வருடமாகியும் அந்தத் தீவில் கால் வைத்ததில்லை. போன கோடையில்தான் கிளம்பினேன். மேல்தளத்தில் என் பக்கத்தில் எழுபது தாண்டிய பெரியவர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். எதற்காகப் போகிறாய் என்று கேட்டார். பதினாறாம் நூற்றாண்டு டேனிஷ் வானியலாளர் டைக்கோ பிராஹேயின் வானாய்வகம் இருந்த இடத்தைப் பார்க்க என்றதும் அவர் முகம் மலர்ந்துவிட்டது. இந்தப் பக்கத்துப் பழைய பிரபுக் குடும்பங்களின் கொடிவழி அவருக்கு மனப்பாடம். பிராஹே, பில்லே, தொத், ரோசன்கிரான்ஸ் என்று, யார் யாருக்குப் பெண் கொடுத்தார்கள், யார் யாரிடம் எடுத்தார்கள் என்பதைத் தன் சொந்த ஊர்க் கல்யாணங்களைச் சொல்வதுபோலச் சொல்லிக்கொண்டே வந்தார். காற்றுக்குத் தொப்பியை ஒரு கை பிடித்திருந்தது. தீவின் மண்சரிவு கண்ணுக்குத் தெரியத் தொடங்கியபோது, "ஆனால் டைக்கோவின் கிளை அவரோடு நின்றுவிட்டது. வாரிசு கிடையாது" என்றார்.

நானும் தலையாட்டினேன். கரையிறங்கி ஒரு மஞ்சள் சைக்கிளை வாடகைக்கு எடுத்து மேடேறி, அவருடைய வானாய்வகமான யுரானிபோர்க் மாளிகை நின்ற இடத்தைப் பார்த்தேன். மாளிகை இப்போது இல்லை. சதுரமாக எழுப்பிய மண்கரையும், வானத்தை அண்ணாந்து பார்த்தபடி நிற்கும் டைக்கோவின் சிலையும்தான். மனசு நிறைந்துதான் திரும்பினேன். வீட்டுக்கு வந்து அவர் வாழ்க்கையைப் படித்தபோதுதான் பெரியவர் சொன்னது உறுத்தியது. டைக்கோவுக்குப் பிறந்தது எட்டுப் பிள்ளைகள். அதில் ஆறு பேர் வளர்ந்து ஆளானார்கள். இரண்டு பேர் மகன்கள். பிறகு எப்படி வாரிசு கிடையாது?

பெரியவர் தெரியாமல் சொல்லவில்லை. கொள்ளுத்தாத்தாவின் மைத்துனர் பெயர் வரை தெரிந்தவருக்கு இந்த ஆறு பேரைத் தெரியாதா? அவர் படித்த வம்சாவளிக் கணக்கில் அந்த ஆறு பேரும் பிள்ளைகள், வாரிசுகள் அல்ல. அந்த வித்தியாசம் பல மாதம் என்னை விடவில்லை.

பதினாறு கேடயங்கள்

1586-ல் யாக் டெ கெய்ன் செதுக்கிய டைக்கோவின் உருவப்படத்தைப் பலரும் பார்த்திருப்பீர்கள். ஒரு வளைவுக்குள் அடர்ந்த மீசையோடு அவர் நிற்பார். 1566-ல் ரோஸ்டொக் நகரில் ஓர் இரவு வாள்சண்டையில் அவருக்கு மூக்கு வெட்டுப்பட்டது. அதற்குமேல் அவர் பொருத்திக்கொண்ட உலோகத் துண்டைப் படத்தில் தேடுவதுதான் எல்லோருடைய வழக்கமும். நானும் முன்பு அதைத்தான் தேடினேன். இந்த முறை என் கண் வளைவின் மேல் போனது. அந்த வளைவைச் சுற்றிப் பதினாறு சின்னக் கேடயங்கள். ஒவ்வொன்றிலும் ஒரு குலச்சின்னம், அதற்கு ஒரு பெயர். அப்பாவின் பக்கம் எட்டு முன்னோர் குடும்பங்கள், அம்மாவின் பக்கம் எட்டு. பாட்டன், பூட்டன், அதற்கும் மேல் ஒரு தலைமுறை என்று போனால் பதினாறு பேர் வருவார்களே, அந்தப் பதினாறு பேர்.

ஸ்கோனேயும் வென் தீவும் அப்போது டென்மார்க்கைச் சேர்ந்தவை. அந்த டென்மார்க்கில் ஒருவர் உயர்குடிப் பிறப்பு என்று காட்டிக்கொள்ள அப்பா மட்டும் போதாது. கல்லறையிலும், தேவாலயத்தில் மாட்டும் நினைவுப் பலகையிலும் இரண்டு பக்கத்துக் கேடயங்களும் வரிசையாக வர வேண்டும். டேனிஷ் பிரபுக்களில் பலருக்கு நிலையான குடும்பப் பெயர் வந்ததே 1526-ல் முதலாம் ஃபிரெடெரிக் மன்னர் கட்டளையிட்ட பிறகுதான். அதுவரை இன்னாரின் மகன் இன்னார் என்பதோடு சரி. கட்டளை வந்ததும் பலர் தங்கள் கேடயத்தில் இருந்ததையே பெயராக்கிக்கொண்டார்கள். பொன் விண்மீன் வைத்திருந்தவர்கள் கில்டன்ஸ்டியர்னே ஆனார்கள். நம் தரங்கம்பாடியில் 1620-ல் தஞ்சை ரகுநாத நாயக்கரோடு உடன்படிக்கை செய்துகொண்டு கோட்டை கட்ட வந்த ஓவே கெட்டேயும் இதே ஸ்கோனே மண்ணில் பிறந்த பிரபுதான். அந்தக் குடும்பப் பெயருக்கு ஒரு நன்னீர் மீன் என்று பொருள். பெயருக்கு முன்னால் கேடயம் வந்துவிட்ட சமூகம் அது.

ஒரு நாள் இரவு சமையலறை மேசையில் உட்கார்ந்து, அந்தப் படத்தைப் பார்த்து ஒரு தாளில் வளைவு வரைந்தேன். டைக்கோவின் மகனுக்கு இப்படி ஒரு படம் செதுக்கியிருந்தால் எப்படி இருக்கும் என்று பார்க்க ஆசை. அப்பா பக்கம் எளிது. பிராஹே, பில்லே என்று தொடங்கி எட்டையும் நிரப்பலாம். அம்மா பக்கம் வந்ததும் பென்சில் நின்றுவிட்டது. கிர்ஸ்டன் யோர்கன்ஸ்டாட்டர். யோர்கன் என்பவரின் மகள் என்று மட்டுமே அந்தப் பெயர் சொல்கிறது. கேடயம் இல்லாத வீடு. எட்டு வெற்றுக் கேடயங்களைத் தாளில் வரைந்து வைத்துவிட்டு வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

சாவிக்கொத்து

கிர்ஸ்டனும் டைக்கோவும் ஏறத்தாழ முப்பது வருடம் சேர்ந்து வாழ்ந்தார்கள். தேவாலயத்தில் திருமணம் நடக்கவில்லை. பிரபுவும் பிரபுக் குலம் அல்லாத பெண்ணும் சமமாக மணம் முடிக்க அந்தக் காலத்து ஏற்பாட்டில் இடமில்லை. ஆனால் பழைய ஜூட்லாந்துச் சட்டத்தில் ஒரு வழி இருந்தது. ஒரு பெண் ஒரு ஆணோடு ஊரறிய ஒரே மேசையில் உண்டு, ஒரே படுக்கையில் உறங்கி, வீட்டின் பூட்டு சாவியைத் தன் கையில் வைத்து மூன்று குளிர்காலம் கழித்துவிட்டால் அவள் மனைவி. தாலி, மோதிரம் எதுவும் கேட்காமல் சாவிக்கொத்தைக் கேட்ட சட்டம். வீட்டை ஆள்பவள் மனைவி என்ற அந்த எண்ணத்தில் ஒரு நியாயம் இருப்பதாகத்தான் எனக்குப் பட்டது.

ஆனால் சாவிக்கொத்து கேடயத்தைத் தரவில்லை. அவள் மனைவியானாலும் பிள்ளைகள் பிரபுக்கள் ஆவதில்லை. அப்பாவின் நிலபுலன் அவர்களுக்குக் கிடையாது, குலச்சின்னம் கிடையாது. டைக்கோ பிறந்த க்னுட்ஸ்டோர்ப் மாளிகையில் அவருக்கும் தம்பி ஸ்டேனுக்கும் கூட்டுப் பங்கு இருந்தது. 1594-ல் தன் பங்கைத் தம்பிக்கே விற்றுவிட்டார். பிள்ளைகளுக்கு நிலத்தை விட்டுப்போக முடியாத தகப்பன், கையில் எடுத்துப்போகக் கூடிய பணமாக அதை மாற்றினான் என்றே நான் அதைப் படிக்கிறேன்.

மூத்த மகள் கிர்ஸ்டினே மூன்று வயது நிரம்புவதற்குள் 1576-ல் இறந்துபோனாள். ஹெல்சிங்போர்க் தேவாலயத்தில் அடக்கம் செய்தார்கள். அவள் கல்லறைக் கல்வெட்டில் அந்தச் சின்னஞ்சிறு பெண்ணை லத்தீனில் "ஃபிலியோலா நாதுராலிஸ்" என்று எழுதினார்கள். முதல் சொல் செல்லமான சொல், குட்டி மகள் என்று அர்த்தம். அடுத்த சொல், முறையான திருமணத்தில் பிறக்காதவள் என்று ஊருக்கு அறிவிக்கிற சொல். ஒரே மூச்சில் கொஞ்சலும் முத்திரையும். இரண்டு வயதுக் குழந்தையின் கல்லில்கூட இந்தக் கணக்கை எழுதாமல் விட முடியவில்லை. இதைப் படித்த நாளில் எனக்கு வேறு எதுவும் ஓடவில்லை.

இரண்டாம் ஃபிரெடெரிக் மன்னர் இருந்தவரை டைக்கோவை யாரும் இதற்காகத் தொடவில்லை. நான்காம் கிறிஸ்டியான் பட்டத்துக்கு வந்த பிறகு காற்று மாறியது. 1597-ல் வென் தீவின் பாதிரியார் மேல் வழக்கு வந்தது. டைக்கோ ஒரு பெண்ணோடு தகாத முறையில் வாழ்வதைக் கண்டிக்காமல் விட்டார் என்பது அதில் ஒரு குற்றம். இருபத்தைந்து வருடம் வீட்டுச் சாவியைத் தூக்கிச் சுமந்தவள் ஒரே நாளில் "ஒரு பெண்" ஆகிவிட்டாள். அதே வருடம் குடும்பம் தீவை விட்டுக் கிளம்பியது. டைக்கோ நாட்டை விட்டுப் போனதற்கு மானியம் நின்றது, அரசவைப் பகை, தீவுக் குடியானவர்களின் புகார் என்று பல காரணம் சொல்வார்கள். புகார்களில் நியாயமும் இருந்தது. தீவு மக்களிடம் அவர் கடுமையாக வேலை வாங்கியவர். ஆனாலும் இந்தப் பிள்ளைகளுக்கு டென்மார்க்கில் எதிர்காலம் இல்லை என்பதை அந்தக் காரணங்களோடு சேர்க்காமல் விட எனக்கு மனம் வரவில்லை.

வடக்கே போன கிளை

இதற்கு நடுவில் சுவீடனின் பிராஹேக்களைப் பற்றிப் படிக்கப் போய்த்தான் எனக்கு விஷயம் புரிந்தது. பெரியவர் படகில் அதிகம் புகழ்ந்தது இவர்களைத்தான். புகழத் தக்கவர்களும்தான். 1520 நவம்பரில் ஸ்டாக்ஹோம் படுகொலையில் தலை வெட்டப்பட்டவர்களில் யோவாகிம் பிராஹே ஒருவர். அவர் மனைவி மார்கரேட்டா, பின்னால் மன்னரான குஸ்தாவ் வாசாவின் சகோதரி. அந்த வருடம் பிறந்த மகன் பேர், தாய்மாமன் ஆட்சியில் வளர்ந்தார். 1561-ல் 'கிரேவ்' என்ற உயர்ந்த பட்டம் சுவீடனில் முதல் முறையாக வழங்கப்பட்டபோது அதைப் பெற்றவர்களில் ஒருவரானார். ஸ்டாக்ஹோமின் பிரபுக்கள் மன்றத்தில் 2300-க்கும் மேற்பட்ட கேடயங்கள் சுவரை நிறைத்திருக்கின்றன. கிரேவ் குடும்பங்களில் முதல் எண் பிராஹேவுடையது.

அவருடைய பேரனும் ஒரு பேர் பிராஹேதான். பின்லாந்தை ஆளப் போய், அங்கே ஊர் ஊராக நகரங்களை நிறுவி, 1640-ல் துர்க்குவில் பல்கலைக்கழகம் தொடங்கக் காரணமானவர். ராஹே என்ற ஊர் அவர் பெயரைத்தான் இன்னும் தாங்கி நிற்கிறது. சரியான நேரத்தில் ஒன்று நடந்தால் "கிரேவ் காலத்தில் நடந்தது" என்று பின்லாந்தில் இன்றும் சொல்கிறார்கள். அந்தக் கிரேவ் இவர்தான் என்பது பொதுவான நம்பிக்கை. அவருடைய ஒன்றுவிட்ட சகோதரி எப்பா பிராஹேவை இளம் மன்னர் குஸ்தாவ் அடால்ஃப் விரும்பியதும், ராஜமாதா குறுக்கே நின்றதும், எப்பா 1618-ல் யாகோப் டெ லா கார்டியை மணந்ததும் சுவீடனில் எல்லோருக்கும் தெரிந்த கதை.

இந்தச் சுவீடன் கிளை தொடங்கிய இடத்தைப் பார்த்தபோதுதான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். டேனிஷ் பிராஹே வீட்டுப் பெண் ஒருத்தி சுவீடனில் வேறொரு குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டாள். அவள் வயிற்றில் பிறந்தவன் தாயின் குலப் பெயரை எடுத்துக்கொண்டான். அங்கிருந்து வருகிறவர்கள்தான் முதல் எண் கேடயத்துக்காரர்கள். ஆண் வழியில் பார்த்தால் அவர்கள் பிராஹேக்களே அல்ல. பெண் வழியில் வந்தவர்கள் பிராஹே என்று ஏற்றுக்கொள்ளப்பட்டார்கள், எல்லோருக்கும் மேலே வைக்கப்பட்டார்கள். பிராஹே ஆணுக்கே பிறந்த ஆறு பேர் பிராஹே இல்லை என்று விலக்கப்பட்டார்கள். இரண்டையும் ஒரே தாளில் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பார்த்தேன். ரத்தம், வம்சம், வித்து என்று எத்தனை சொல் சொன்னாலும் அந்தத் தாளில் ரத்தம் எந்த முடிவையும் எடுக்கவில்லை. அந்தத் தாய்க்குக் கேடயம் இருந்தது, கிர்ஸ்டனுக்கு இல்லை.

அதன் பிறகு எங்கே பார்த்தாலும் கிளையைத் தாங்கிப் பிடித்தது பெண்கள்தான் என்று எனக்குத் தெரியத் தொடங்கியது. ஸ்கூக்லோஸ்டர் என்ற மாபெரும் மாளிகை பிராஹே சொத்தானது, அதைக் கட்டிய படைத்தலைவர் ரேங்கலின் மகளை நில்ஸ் பிராஹே மணந்ததால். 1756-ல் மன்னருக்கு அதிகாரம் மீட்டுத்தரும் சதியில் சேர்ந்ததற்காக எரிக் பிராஹேவுக்கு ஸ்டாக்ஹோமின் ரித்தர்ஹோல்மனில் தலை வெட்டப்பட்டது. ஜூலை 23. அப்போது அவர் மனைவி ஸ்டினா பீப்பர் கர்ப்பிணி. அக்டோபரில் மகன் மாக்னுஸ் ஃபிரெடெரிக் பிறந்தான். 1520-ல் ஒரு முறை, 1756-ல் ஒரு முறை, வெட்டுப்பட்ட மரத்தில் பக்கக் கிளை விட்டதுபோல இந்தக் குடும்பம் ஒரு விதவையின் மடியில் பிழைத்தது. 1930-ல் மாக்னுஸ் பேர் பிராஹேயோடு அந்த ஆண் வழியும் முடிந்தது. ஒரு குலத்தின் கடைசி ஆணை அடக்கம் செய்யும்போது குலச்சின்னக் கேடயத்தை உடைக்கிற வழக்கம் சுவீடனில் உண்டு. முடிந்ததை முடிந்தது என்று சத்தமாகச் சொல்லிவிடுகிறார்கள். ஆறு பிள்ளைகள் இருக்கும்போதே முடிந்தது என்று சொல்லப்பட்ட டைக்கோவின் வீட்டில் உடைக்க ஒரு கேடயம்கூட இருக்கவில்லை.

சோஃபியின் தொள்ளாயிரம் பக்கம்

இந்தக் கொடிவழிகளை எல்லாம் முதலில் எழுதி வைத்தது யார் தெரியுமா? பெரும்பாலும் பிரபு வீட்டுப் பெண்கள். பதினாறாம் நூற்றாண்டு டென்மார்க்கில் வம்சப் புத்தகம் எழுதுவது பெண்களின் கலை. எந்தப் பெண்ணை எந்த வீட்டில் கொடுத்தார்கள் என்பதை நினைவில் வைத்திருப்பவர்கள் அவர்கள்தானே. அவர்களில் முக்கியமானவர் டைக்கோவின் தங்கை சோஃபி பிராஹே. சிறுவயதிலேயே அண்ணனோடு 1573 டிசம்பர் சந்திர கிரகணத்தைக் கவனித்துக் கணித்தவர். மூலிகையும் மருந்தும் தோட்டமும் அறிந்தவர். முதல் கணவர் ஒத்தே தொத் 1588-ல் இறந்த பிறகு, இரும்பைப் பொன்னாக்குகிறேன் என்று சொத்தையெல்லாம் உலையில் போட்ட எரிக் லாங்கே மேல் அன்பு வைத்தார். குடும்பம் கொதித்தது. அவர் கடனுக்குப் பயந்து ஊர் ஊராக ஓட, இவர் வருடக்கணக்கில் காத்திருந்து 1602-ல் எக்கர்ன்ஃபோர்டே நகரில் கைப்பிடித்தார். அக்கா மார்கரேத்தேவுக்கு அவர் எழுதிய கடிதம் இன்றும் இருக்கிறது. கல்யாணத்தன்று காலில் ஓட்டைக் காலுறை, மாப்பிள்ளையின் உடுப்பு மறுநாளே அடகுக் கடைக்குத் திரும்ப வேண்டிய நிலை. குடும்பம் தனக்குச் செய்ததை அதில் ஒளிக்காமல் எழுதினார்.

அப்படிப்பட்டவர், கணவனும் போன பிறகு, ஹெல்சிங்கோரில் உட்கார்ந்து, தன்னைத் தள்ளிவைத்த அதே குலங்களின் கொடிவழியை எழுதினார். 1626-ல் முடித்த அந்தக் கையெழுத்துப் பிரதி சுமார் 900 பக்கம். லுண்ட் பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது. அந்தக் கட்டிடத்தைத் தாண்டித்தான் நான் தினமும் வேலைக்குப் போகிறேன். ஒன்பது வருடமாகத் தாண்டியிருக்கிறேன். கோபத்தில் எழுதினாரா, பாசத்திலா என்று அடிக்கடி யோசிக்கிறேன். பாசம் என்றே என் மனம் சொல்கிறது. ஓட்டைக் காலுறை போட்டவர் 900 பக்கத்துக்குக் கோபத்தை இழுத்துக்கொண்டு போக முடியாது.

வாரிசுகள்

டைக்கோ 1601 அக்டோபர் 24 அன்று பிராகாவில் இறந்தார். அந்த வருடம்தான் மகள் எலிசபெத்தை ஃபிரான்ஸ் டெங்னாகெல் என்ற பிரபு மணந்திருந்தார். டென்மார்க்கில் நினைத்தும் பார்க்க முடியாத சம்பந்தம். 1604-ல் கிர்ஸ்டனும் போய்ச்சேர, தீன் தேவாலயத்தில் டைக்கோவின் கல்லறையிலேயே அவரையும் வைத்தார்கள்.

டைக்கோவின் உண்மையான சொத்து நிலம் அல்லவே. இருபது வருடத்துக்கும் மேலாக ராத்திரி ராத்திரியாகக் கண்ணால் அளந்து எழுதிய கோள்களின் நிலைகள்தான். அந்தக் குறிப்பேடுகளை வைத்துத்தான் வானியலாளர் கெப்ளர் செவ்வாயின் பாதை நீள்வட்டம் என்று கண்டார். ஆனால் குறிப்பேடுகள் யாருக்குச் சொந்தம்? பிள்ளைகளுக்கு. டைக்கோவின் வாரிசுகள் என்ற பெயரில் டெங்னாகெலும் மைத்துனர்களும் கெப்ளரோடு வருடக்கணக்கில் பேச்சுவார்த்தை நடத்தினார்கள். அந்தக் குறிப்பேடுகளைக் கொண்டு கெப்ளர் தயாரித்த ருடால்ஃப் அட்டவணைகள் என்ற கோள் நிலைக் கணக்குப் புத்தகம் 1627-ல் அச்சாகும் நேரத்திலும் முகப்பில் அப்பாவுக்கு உரிய இடம் கொடுத்திருக்கிறதா என்று மகன்கள் கேட்டார்கள். கெப்ளர் இந்த இழுபறியில் நொந்துபோனார் என்பது தெரியும். என் அனுதாபம் வழக்கமாகக் கெப்ளர் பக்கம்தான் போகும். இப்போது பாதிதான் போகிறது. வாரிசு இல்லை என்று ஒரு நாட்டால் சொல்லப்பட்ட பிள்ளைகள், வானத்தைப் பற்றிய உலகத்தின் மிகச் சிறந்த கணக்குகளைக் கையில் வைத்துக்கொண்டு, எங்கள் அப்பாவின் பெயரைச் சரியாகப் போடுங்கள் என்று கேட்டார்கள்.

இந்த வசந்தத்தில் மறுபடியும் வென் தீவுக்குப் போனேன். பெரியவரைப் படகில் தேடினேன், இல்லை. பையில் அந்தத் தாள் இருந்தது. மண்கரை மேல் உட்கார்ந்து, அம்மா பக்கத்து எட்டு வெற்றுக் கேடயங்களில் முதலாவதில் கிர்ஸ்டன் என்று எழுதினேன். சின்னம் என்ன வரைவது என்று கொஞ்ச நேரம் யோசித்து, ஒரு சாவிக்கொத்து வரைந்தேன். மீதி ஏழும் அப்படியே இருக்கின்றன.